ஒற்றைக் கொடி மிளகுத் தோட்டம்

டொக்! டொக்! டொக்!

கார்க் கண்ணாடியை யாரோ உடைக்கிற மாதிரி தட்டினார்கள். ஸ்டீயரிங் மேல் தலை சாய்த்துக் கண்ணயர்ந்திருந்த திருமுருகன் அலறி எழுந்ததில் கை பட்டு ஹாரனும் சேர்ந்து அலறியது. விழுப்புரம் ஜங்ஷன் வாசலில் டீ குடித்துக்கொண்டிருந்த ஆட்டோக்காரர்கள் அத்தனை பேரும் திரும்பிப் பார்த்தார்கள்.

வெளியே ஒரு ஆள். குள்ளமாக, தொப்பி போட்டுக்கொண்டு, முதுகில் பையோடு. முப்பத்தைந்து வயது இருக்கலாம். பல் தெரியச் சிரித்தான்.

"போப்பா, வண்டி புக் ஆயிடுச்சு. ரத்னா மேடம் வர்றாங்க" என்று கையாட்டினான் திருமுருகன்.

அந்த ஆள் நகரவில்லை. டாஷ்போர்டில் திருமுருகன் செருகி வைத்திருந்த அட்டையைக் காட்டினான். 'வெல்கம் ரத்னா மேடம்' என்று ஆங்கிலத்தில் எழுதி, பக்கத்தில் ஒரு ரோஜாப்பூவும் வரைந்த அட்டை. அதைக் காட்டிய விரலைத் தன் மார்பில் வைத்துக்கொண்டான்.

"ரத்தனா" என்றான்.

திருமுருகன் அட்டையைப் பார்த்தான். ஆளைப் பார்த்தான். அட்டையைச் சீட்டுக்கு அடியில் தள்ளினான்.

பதினோரு வருஷம் திண்டிவனத்தில் ஸ்கூல் வேன் ஓட்டியவன் அவன். எட்டு மாதம் முன்னால் அந்த வேலையை உதறிவிட்டு, ஒரு பழைய காரைப் பிடித்து, 'வெற்றிவேல் டூர்ஸ்' என்று கண்ணாடியில் எழுதிவிட்டான். வெளிநாட்டுக்காரர்கள் பார்க்கிற வெப்சைட்டில் பெயரைப் பதிந்தால் கூட்டம் அள்ளும் என்று ஆசை காட்டியது பஸ் ஸ்டாண்டு பக்கம் ஜெராக்ஸ் கடை வைத்திருக்கும் பச்சைமுத்து. ஏழு மாதமாக ஒரு ஈ, காக்கை வரவில்லை. கல்யாண சவாரி, ஆஸ்பத்திரி சவாரி என்று வண்டி ஓடிக்கொண்டிருந்தது. இதுதான் முதல் போணி.

கடைசிப் போணியாகவும் ஆகலாம். குவைத்தில் இருக்கும் மச்சான் வெங்கடாசலம் ஒரு அரபி வீட்டில் டிரைவர் வேலை பேசி வைத்திருந்தார். இன்றைக்குச் சாயந்திரம் ஐந்து மணிக்குள் சரி, இல்லை என்று சொல்லியாக வேண்டும். போனால் இரண்டு வருஷம் திரும்ப முடியாது. எட்டாவது படிக்கிற மகள் வெண்ணிலா அதற்குள் பத்தாவது எழுதிவிடுவாள்.

"இந்த சவாரி நல்லபடியா முடிஞ்சி, வர்ற ஆளு அஞ்சு ஸ்டார் போட்டாங்கன்னா நான் போவல. ஒரு ஸ்டார் கொறைஞ்சாலும் பெட்டி கட்டிடறேன்" என்று நேற்று மனைவி கவிதாவிடம் சொல்லிவிட்டிருந்தான். கவிதா விடிகாலையில் எழுந்து காரைத் தானே துடைத்து வைத்திருந்தாள்.

"வெல்கம் சார். ஃபர்ஸ்ட் செஞ்சிக் கோட்டை. நெக்ஸ்ட் பிரியாணி" என்று தனக்குத் தெரிந்த ஆங்கிலத்தை இறக்கினான் திருமுருகன்.

ரத்தனா தலையை ஆட்டி மறுத்தான். பையிலிருந்து நாலு தாளை எடுத்தான். முதல் தாளின் மேலே வெற்றிவேல் டூர்ஸ் படம். கீழே நெருக்கமாக ஆங்கிலம். பிறகு தன் போனை வாயருகே வைத்து ஏதோ சொல்ல, போனிலிருந்து ஒரு பெண் குரல் செய்தி வாசிக்கிற தமிழில் பேசியது.

"முதலில் குகைக் கோயில். அங்கே பாறையில் யானை தெரியும். வழிகாட்டி காட்டுவார்."

திருமுருகனுக்குப் பகீரென்றது. என்ன யானை? அந்தத் தாளில் என்ன எழுதியிருக்கிறது என்று அவனுக்கே தெரியாது. பச்சைமுத்து போட்டது. ஆங்கிலம் அடர்த்தியாக இருந்ததால் நன்றாகத்தான் இருக்கும் என்று விட்டுவிட்டான்.

குகைக்குப் பஞ்சமில்லை. செஞ்சி ரோட்டில் மண்டகப்பட்டு வழியில்தான் இருந்தது. பாறையைக் குடைந்த கோயில், தூண்கள், இரண்டு பக்கமும் காவலுக்குக் கல் ஆட்கள். ரத்தனா எல்லாவற்றையும் தொட்டுத் தொட்டுப் பார்த்தான். அப்புறம் திரும்பி நின்றான்.

"யானை எங்கே?" என்றது போன்.

திருமுருகன் பாறையை மேலும் கீழும் பார்த்தான். மழைத்தண்ணீர் வழிந்து கறுத்த ஒரு கோடு இருந்தது.

"அதோ சார், தும்பிக்கை."

ரத்தனா தலையை இடது பக்கம் சாய்த்தான். வலது பக்கம் சாய்த்தான். குனிந்து பார்த்தான். நாலடி பின்னால் போய்ப் பார்த்தான்.

"காது எங்கே?"

"காது... காலையில வெயிலுக்குத் தெரியாது சார். சாயந்திரம் நல்லாத் தெரியும்."

போன் அதை மொழிபெயர்த்தது. ரத்தனா அவனையே கொஞ்ச நேரம் பார்த்தான். கோபமா, சிரிப்பா, ஒன்றும் பிடிபடவில்லை. தாளில் யானைக்குப் பக்கத்தில் பேனாவால் ஒரு சின்னப் புள்ளி வைத்தான். அந்தப் புள்ளி திருமுருகன் நெஞ்சில் வைத்த மாதிரி இருந்தது.

"அடுத்து மிளகுத் தோட்டம்" என்றது போன்.

"சார், ஒன் மினிட்" என்று ஓட்டமாகப் போய்க் காருக்குப் பின்னால் நின்று பச்சைமுத்துவைக் கூப்பிட்டான்.

"டேய், என்னாடா எழுதி வெச்சிருக்க? மிளகுத் தோட்டம் எங்கடா இருக்குது நம்ம ஊர்ல?"

"மிளகா? இருண்ணே..." அந்தப் பக்கம் கம்ப்யூட்டர் தட்டுகிற சத்தம். "ஆமாண்ணே, இருக்குது. உப்பு வயல், நண்டு மார்க்கெட்டு, ரகசிய ஏரின்னு ஒண்ணு."

"ரகசிய ஏரியா? யாருக்குடா ரகசியம்?"

"அண்ணே, கோவிச்சிக்காத. நானா எழுதினா நல்லா இருக்காதுன்னு, ஒரு வெளிநாட்டு டூர்க்காரன் வெப்சைட் பக்கத்த எடுத்து அப்படியே போட்டுட்டேன். கிராமமும் கடலும் ஒரே நாள்லன்னு போட்டிருந்தான். நம்ம ஊருதானேன்னு ஊர் பேர மட்டும் மாத்தினேன்."

"எந்த ஊர்க்காரன் பக்கம்டா?"

"என்னமோண்ணே... கம்போடியா."

திருமுருகன் காரைச் சுற்றி மெல்ல எட்டிப் பார்த்தான். ரத்தனா மரத்தடியில் நின்று தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தான். திருமுருகன் போனை நிறுத்தாமலேயே பக்கத்தில் போய், இளித்துக்கொண்டே கேட்டான்.

"சார்... விச் கன்ட்ரி?"

"கம்போடியா" என்றான் ரத்தனா.

திருமுருகன் மறுபடி காருக்குப் பின்னால் ஓடினான்.

"டேய் பச்சமுத்து, இந்த ஆளு அந்த ஊருதான்டா!"

"ஐயய்யோ! அந்த ஊருக்காரன் எதுக்குண்ணே அதே டூருக்கு இங்க வர்றான்? அவுங்க ஊர்லயே பாத்துக்கலாமே?"

அதுதான் திருமுருகனுக்கும் புரியவில்லை. கண்டுபிடித்துவிட்டானா? கண்டுபிடித்திருந்தால் கத்தியிருக்க வேண்டுமே? கண்டுபிடிக்கவில்லை என்றால் வீட்டில் இருக்கிற மிளகை விட்டுவிட்டு, பிளேன் ஏறி விழுப்புரத்துக்கு மிளகு பார்க்க வருவானா?

"மிச்சத்தையும் படி. இன்னும் என்னா இருக்குது?"

"கடைசியில சாப்பாடுண்ணே. ஒரு கிராமத்து அம்மா வீட்டுல. பச்ச மிளகு போட்ட நண்டு. 'ரெண்டாவது தடவ வாங்கிச் சாப்புடலன்னா அந்த அம்மா திட்டுவாங்க, பயப்படாதீங்க'ன்னு போட்டிருக்குது."

"போனை வை. வந்து உன்னக் கவனிச்சிக்கிறேன்."

மிளகுக்கு ஒரே ஒரு வழி இருந்தது. மேல்சித்தாமூரில் அப்பாண்டைராஜ் என்று ஒரு சமண நயினார். அவர் பேரப்பிள்ளைகளை வேனில் ஏற்றிப் போனவன் திருமுருகன். அவர் வீட்டுத் தோட்டத்தில் ஒரு தென்னை மரத்தில் மிளகுக் கொடி ஏறியிருந்ததை எப்போதோ பார்த்த ஞாபகம். வழியெல்லாம் அந்தக் கொடி உயிரோடு இருக்க வேண்டும் என்று வேண்டிக்கொண்டே ஓட்டினான்.

கொடி இருந்தது. ஒன்றே ஒன்று.

"மிளகுத் தோட்டம் பாக்க வந்திருக்காரு நயினாரே. வெளிநாட்டுக்காரரு" என்று தயங்கித் தயங்கிச் சொன்னான்.

அப்பாண்டைராஜ் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டார். "தோட்டமா? நம்ம வீட்டுலயா? சரி, பாக்கட்டும். ஒரு கொடியா இருந்தா என்னா, மிளகு மிளகுதானே."

ரத்தனா அந்த ஒற்றைக் கொடி முன்னால் போய் நின்றான். ஒரு இலையைக் கிள்ளி முகர்ந்தான். திடீரென்று மண்டியிட்டு உட்கார்ந்து, வேரைச் சுற்றித் குவிந்து கிடந்த ஈர மண்ணை விரலால் விலக்க ஆரம்பித்தான். கீழே தொங்கிக்கொண்டிருந்த தண்டைத் தூக்கி, தென்னை நாரைக் கிழித்து மரத்தோடு லேசாகக் கட்டினான்.

"தண்ணீர் அதிகம். வேர் அழுகும்" என்றது போன்.

"அடேங்கப்பா! இவரு சுத்திப் பாக்க வந்தவரா, விவசாய ஆபீசரா?" அப்பாண்டைராஜுக்கு ஒரே சந்தோஷம். "மூணு வருஷமா எனக்குத் தெரியாமப் போச்சே!"

கிளம்பும்போது திருமுருகன் தலையைச் சொறிந்தான். "நயினாரே, பச்ச மிளகு ரெண்டு கொத்து கிடைக்குமா?"

"எதுக்குப்பா?"

நண்டுக்கு என்று அந்த வீட்டு வாசலில் நின்றுகொண்டு எப்படிச் சொல்வது? முட்டைகூட நுழையாத வீடு.

"ரசத்துக்கு."

"பச்ச மிளகுல ரசமா?" என்று சந்தேகமாகப் பார்த்தார். ஆனாலும் நாலு கொத்தாகக் கிள்ளிக் கொடுத்தார். திருமுருகன் அதை வாங்கும்போது கை கூசியது.

திண்டிவனத்தைத் தாண்டி மரக்காணம் ரோட்டில் போகும்போது கவிதாவுக்குப் போன் போட்டான்.

"கவிதா, மத்தியானம் அந்த ஆளக் கூப்ட்டுக்கினு ஓமந்தூருக்கு வர்றேன். நம்ம வீட்டுல சாப்பாடு. நீ கிராமத்து அம்மா."

"நான் என்னாது?"

"கிராமத்து அம்மா. அப்படித்தான் எழுதியிருக்குது. நண்டு வாங்கியாறேன், பச்ச மிளகு போட்டுச் செய்யணும். அந்த ஆளு ரெண்டாவது வாட்டி வாங்கலன்னா நீ திட்டணும்."

"யோவ், வெயில்ல சுத்திக்கினு மூள கொழம்பிப் போச்சா? ஊர்ல இல்லாத ஆளக் கூட்டியாந்து நான் எதுக்குத் திட்டணும்? அதுவும் முன்னப்பின்ன தெரியாத ஆளுக்கு நான் அம்மாவா?"

"கம்போடியாவுல அப்படித்தான் போலக்குது. ஜல்தியா உலை வை."

"திட்டறதுக்கு எனக்கு வேற ஆளு இருக்குது" என்று போனை வைத்தாள்.

ரகசிய ஏரி என்று ரோட்டோரம் விரிந்து கிடந்த கழுவெளியைக் காட்டினான். கண்ணுக்கெட்டிய தூரம் வரைக்கும் தண்ணீர். எந்தப் பக்கமும் ஒளித்து வைக்க முடியாத ஏரி. அந்த நேரம் பார்த்து ஒரு மினி பஸ் பாட்டுப் போட்டுக்கொண்டு கடந்து போனது. ரத்தனா தாளில் அடுத்த புள்ளியை வைத்தான்.

மரக்காணம் உப்பளத்தில்தான் திருமுருகனுக்கு மூச்சு வந்தது. இது நிஜமான உப்பு. பாத்தி பாத்தியாக, தை மாத வெயிலில் கண்ணைக் கூச வைத்தது. இங்கேயாவது குறை சொல்ல முடியாது என்று நெஞ்சை நிமிர்த்தினான். ரத்தனா செருப்பைக் கழற்றிவிட்டு வரப்பில் நடந்தான். உப்பு வாரிக்கொண்டிருந்த இளவரசி என்ற பெண்ணிடம் கைநீட்டி நீளக் கழியில் பலகை மாட்டிய வாருகோலை வாங்கினான். திருமுருகன் தடுப்பதற்குள் பாத்தியில் இறங்கி, உப்பை ஒரே இழுப்பில் கரைக்குக் கொண்டுவந்தான். அடிமண் ஒரு துளி கலங்கவில்லை.

"யோவ் டிரைவரு, உன் ஆளு என்னைய விட நல்லா வாருறாரு! நாளைக்கும் இட்டுக்கினு வா, நான் வூட்டுல படுத்துக்கிறேன்" என்று இளவரசி சிரித்தாள்.

திருமுருகனுக்குச் சிரிப்பு வரவில்லை. மிளகு தெரிகிறது. உப்பு தெரிகிறது. யார் இவன்? பக்கம் திருடியதற்காகக் கேஸ் போட வந்திருக்கிற ஆளோ? ஒவ்வொரு புள்ளியும் சாட்சியோ? அப்படியானால் ஸ்டார் கூடக் கிடையாது, வெப்சைட்டிலிருந்தே பெயரை எடுத்துவிடுவார்கள். குவைத் மச்சான் முகம் கண் முன்னால் வந்து நின்றது.

நண்டு வாங்கும்போதும் அதே கதைதான். மீன்காரம்மா கொடுத்த நண்டை ரத்தனா கையில் தூக்கிப் பார்த்து, வேண்டாம் என்று திருப்பிக் கொடுத்து, கூடைக்குள் கையை விட்டுத் தானே கனமான ஐந்தைப் பொறுக்கினான்.

வீட்டுக்கு வந்தபோது மணி இரண்டரை. கூடத்தில் பாய் விரித்து இலை போட்டிருந்தாள் கவிதா. பச்சை மிளகை என்ன செய்வது என்று அவளுக்கும் தெரியாது. கொத்தோடு தட்டி, நல்லெண்ணெயில் வதக்கி, நண்டோடு புரட்டிவிட்டாள். பக்கத்தில் கேப்பைக் களி, மல்லாட்டைச் சட்னி, ரசம். ரசம் மட்டும் திருமுருகன் கேட்டு வாங்கியது. நயினாரிடம் சொன்ன பொய்யில் பாதியாவது நிஜமாகட்டும் என்று நாலு மிளகை அதிலும் போடச் சொல்லியிருந்தான்.

ரத்தனா சம்மணமிட்டு உட்கார்ந்தான். தாளை எடுத்து இலைக்குப் பக்கத்தில் வைத்தான். நண்டை உடைத்து, ஒரு வாய் சாப்பிட்டான். மெதுவாக மென்றான். இரண்டாவது வாய் எடுத்தான். அப்புறம் நிறுத்திவிட்டான். இலையையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தான்.

திருமுருகன் கவிதாவுக்குக் கண்ணைக் காட்டினான். திட்டு, திட்டு என்று உதட்டை அசைத்தான். கவிதா முறைத்தாள். வேண்டுமென்றே திட்டச் சொன்னால் யாருக்கு வரும்?

ரத்தனா கையைக் கழுவப் போகிறவன் மாதிரி எழுந்திருக்கப் பார்த்தான். இலையில் முக்கால்வாசி அப்படியே இருந்தது. அதைப் பார்த்ததும் கவிதாவுக்குத் தன்னாலேயே வந்துவிட்டது.

"இந்தாப்பா தம்பி, எங்க எழுந்திருக்கிற? உக்காரு! ஒரு மணி நேரமா அடுப்புல வெந்து செஞ்சி வெச்சா, கோழி மாதிரி ரெண்டு கொத்து கொத்திட்டு எழுந்துக்கினா என்னா அர்த்தம்? இத யாரு துன்றது? ஒடம்பப் பாரு, தொப்பிய எடுத்தா ஆளே இல்ல! உங்கம்மா உன்ன இப்படித்தான் வளத்தாங்களா?"

பேசிக்கொண்டே ஒரு நண்டைத் தூக்கி அவன் இலையில் போட்டாள். களியில் ஒரு உருண்டையும் வைத்தாள்.

போன் தரையில்தான் கிடந்தது. மொழிபெயர்க்கலாமா என்று யோசிக்கிற மாதிரி அதன் விளக்கு மினுக்கியது. அது வாயைத் திறப்பதற்குள் ரத்தனா உட்கார்ந்துவிட்டான். தலையைக் குனிந்துகொண்டு சாப்பிட ஆரம்பித்தான். இலையை வழித்துச் சாப்பிட்டான். அவனே கையை நீட்டி மூன்றாவது நண்டும் வாங்கினான். மூக்கை மட்டும் அடிக்கடி தோளில் துடைத்துக்கொண்டான்.

"மிளகு காரம் ஜாஸ்தியா?" என்று கவிதா கிசுகிசுத்தாள்.

திருமுருகனுக்கு அதற்கு மேல் தாங்கவில்லை. என்ன ஆனாலும் ஆகட்டும் என்று போனை எடுத்து வாயருகே வைத்துக்கொண்டான்.

"சார், உண்மைய சொல்லிடறேன். இந்தப் பக்கம் எங்களது இல்ல. உங்க ஊர்லேந்து யாரோ எழுதினத எடுத்துப் போட்டுட்டோம். எங்க ஊர்ல யானையும் இல்ல, தோட்டமும் இல்ல, ரகசியமும் இல்ல. இவ கிராமத்து அம்மா இல்ல, என் பொண்டாட்டி. தப்புதான். இன்னைக்கே எல்லாத்தையும் அழிக்கச் சொல்லிடறேன். நான் குவைத்துக்குப் போய் வண்டி ஓட்டிப் பொழைச்சிக்கிறேன்."

போன் அதையெல்லாம் ஏதோ ஒரு பாஷையில் நிதானமாகச் சொல்லி முடித்தது. கவிதா கையில் கரண்டியோடு அப்படியே நின்றாள். குவைத் என்ற வார்த்தையைக் கேட்டதும் அவள் முகம் சுண்டிப் போனது.

ரத்தனாவுக்குக் கோபம் வரவில்லை. கையைக் கழுவிவிட்டு வந்து நாலு தாளையும் திருப்பிப் போட்டான். பின்பக்கம் வெள்ளையாக இருந்தது. பேனாவைத் திறந்து எழுத ஆரம்பித்தான். ஒரு தென்னை மரம் வரைந்து அதில் ஒரு கொடி வரைந்தான். பாறை ஒன்று வரைந்து, யானை போட்டு, அதன் மேல் பெருக்கல் குறி போட்டான். உப்புப் பாத்தி வரைந்து, சிரிக்கிற ஒரு பெண்ணை நிற்க வைத்தான்.

"இது என்னா?" என்றாள் கவிதா.

"உங்கள் பக்கம்" என்றது போன். "உங்கள் ஊரை வைத்து நான் எழுதித் தருகிறேன். பத்து வருடமாக இதுதான் என் வேலை. இந்தப் பக்கத்தை எழுதியவன் நான்தான்."

திருமுருகன் தாளையும் ஆளையும் மாறி மாறிப் பார்த்தான். அந்த நேரம் பார்த்து அவன் சட்டைப் பையில் போன் அடித்தது. குவைத் மச்சான். மணி இன்னும் நாலு கூட ஆகவில்லை, அதற்குள் அவசரம். கவிதா அந்தப் பையையே பார்த்தாள். திருமுருகன் அடித்து முடியட்டும் என்று கையால் பையை அழுத்திப் பிடித்துக்கொண்டான்.

"அப்ப பழைய பக்கத்த அழிச்சிடறேன் சார். ஒரு வரி விடாம" என்றான்.

போன் சொன்னதைக் கேட்டதும் ரத்தனா அவசரமாகத் தாளைத் திருப்பினான். கடைசி வரியின் மேல், நண்டும் திட்டும் இருக்கிற வரியின் மேல், உள்ளங்கையை வைத்து மூடினான். அந்த வரிக்குப் பக்கத்தில் மட்டும் புள்ளி இல்லை. போனை வாயருகே கொண்டுபோய் ஏதோ சொன்னான். செய்தி வாசிக்கிற அதே பெண் குரல் நிறுத்தி நிறுத்திப் பேசியது.

"இதை மட்டும் அழிக்காதீர்கள். என் அம்மா இறந்த பிறகு என் பக்கத்திலிருந்து இந்த வரியை எடுத்துவிட்டேன். உங்கள் பக்கத்தில் மட்டும்தான் அவர் இன்னும் சமைத்துக்கொண்டிருக்கிறார்."